பச்சைத் திரைக்கு அப்பால்: மானாமதுரைப் பக்கத்துக் கன்னியர் மடத்தில் தவக்கால நாட்கள்

மார்ச் 5, வியாழன், மதுரை

கன்னியர் மடத்துப் பள்ளிகளில் படித்து வளர்ந்த எங்களைப் போன்றவர்களுக்கு அந்த மடங்களின் முன்பக்கம்தான் தெரியும். வரவேற்பறையின் மரப்பெஞ்சு, கண்ணாடிச் சட்டத்துக்குள் இருக்கும் வெள்ளைக்கார மதரின் படம், கட்டணம் கட்டும் சன்னல், அதற்கு அப்பால் ஒரு பச்சைத் திரை. திரைக்குப் பின்னால் அவர்கள் எப்போது உறங்குகிறார்கள், என்ன சமைக்கிறார்கள், தங்களுக்குள் சண்டை போட்டுக்கொள்வார்களா என்பது பற்றியெல்லாம் வகுப்பில் ஆளுக்கொரு கதை உலவும். கிறிஸ்தவரல்லாத எனக்கு, அந்தத் திரையைத் தாண்டிச் சில நாட்கள் தங்குவதற்கான அனுமதி, பழைய ஆசிரியை ஒருவரின் பரிந்துரையால், ஈஸ்டருக்கு முந்தைய நோன்பு நாட்களான இந்தத் தவக்காலத்தில் கிடைத்தது. மடம் மானாமதுரைப் பக்கம் இருக்கிறது. ஊரின் பெயரையும் சபையின் பெயரையும் எழுதக் கூடாது, உள்ளே படம் எடுக்கக் கூடாது, மணியடித்தால் எழுந்துகொள்ள வேண்டும் என்ற நிபந்தனைகளைத் தலைமைச் சகோதரி தொலைபேசியிலேயே சொல்லிவிட்டார்.

நாளை மதியத்துக்குள் அங்கே போனால் போதும் என்பதால் இன்றைய பொழுதை மதுரைக்குக் கொடுத்தேன். கீழவெளி வீதியில் தூய மரியன்னை பேராலயத்தின் வாசலில் பூ விற்றுக்கொண்டிருந்த பெண், முழம் 30 ரூபாய் என்று சொல்லிவிட்டு, நான் பேரம் பேசுவதற்கு முன்பே 25க்கு இறங்கினார். காரணம் கேட்டேன். "தவக்காலத்துல பீடத்துல பூ வைக்க மாட்டாகக்கா. ஈஸ்டர் வரைக்கும் நமக்கும் நோம்புதான்" என்றார். உள்ளே போய்ப் பார்த்தால் அப்படியே இருந்தது. பீடத்தின் மேல் ஊதா விரிப்பும் மெழுகுவர்த்தியும் மட்டும்தான். ஒரு மொட்டுகூட இல்லை.

இந்தப் பேராலயக் கட்டடம் 1916ஆம் ஆண்டினது. மதுரை தனி மறைமாவட்டம், அதாவது ஓர் ஆயரின் (பிஷப்பின்) ஆட்சிப்பகுதி, ஆனது 1938இல், உயர்மறைமாவட்டம் ஆனது 1953இல். ஆனால் மதுரை மிஷன் எனப்படும் இயேசு சபைக் குருக்களின் மறைபரப்புப் பணியின் கதை அதற்கெல்லாம் வெகு முந்தையது. தத்துவ போதகர் என்று நாம் பாடநூலில் படித்த இராபர்ட் தெ நொபிலி மதுரைக்கு வந்தது 1606இல். 1773இல் இயேசு சபையே கலைக்கப்பட்டு, பின்பு மீண்டும் உயிர்பெற்று, பிரெஞ்சுக் குருக்கள் இங்கே வந்து சேர்ந்தது 1830களின் பிற்பகுதியில். இந்த நெடுங்கதையில் ஏறக்குறைய இருநூறு ஆண்டுகளுக்குப் பெண்களின் மடம் எதுவும் வருவதில்லை என்பதுதான் எனக்கு வியப்பு. குருக்கள் இருந்தார்கள், உபதேசியார்கள் இருந்தார்கள், பெண்கள் ஞானஸ்நானம் பெற்றார்கள். வாசிக்கத் தெரிந்த பெண் என்றால் அது தேவதாசி மட்டும்தான் என்று ஊர் நம்பிய காலத்தில், பெண் துறவிக்கும் பெண் ஆசிரியைக்கும் இடமே இல்லாமல் இருந்தது.

மாலையில் திண்டுக்கல் சாலையில் விளாங்குடி வரை போய், பாத்திமா கல்லூரியின் வெளிவாயிலைப் பார்த்துவிட்டு வந்தேன். 1953இல் அன்னை ரோஸ் பெனடிக்டைத் தலைவியாகக் கொண்டு இதைத் தொடங்கியவர்கள் லியோன் நகரத்துப் புனித வளனார் சபைச் சகோதரிகள். அந்தச் சபையின் தொடக்கம் 1650இல், பிரான்சின் ல புய் என்ற மலைநகரத்தில். மெடாய் என்ற இயேசு சபைக் குரு ஆறு பெண்களைக் கூட்டி, மதில்களுக்குள் அடைந்து கிடக்காமல் தெருவில் இறங்கி வேலை செய்யச் சொன்னார். அந்த ஊர்ப் பெண்களின் பிழைப்பு லேஸ் பின்னல். சகோதரிகள் ஏழைப் பெண்களுக்கு அதையே சொல்லிக்கொடுத்தார்கள். பிரெஞ்சுப் புரட்சியில் சபை சிதறியது. அந்தச் சபையைச் சேர்ந்த ஃபோன்போன் அன்னை சிறையில் கில்லட்டினுக்குக் காத்திருந்த வேளையில், 1794இல் ரோபெஸ்பியர் வீழ்ந்ததால் உயிர் தப்பினார். சபையை அவரே மீண்டும் கட்டினார். கல்லூரி விட்டு வந்த பெண்கள் நிழற்குடையில் அலைபேசியைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். சாதாரண நகரப் பேருந்தில் பெண்களுக்குக் கட்டணமில்லை. நடத்துநர் முகத்தைப் பார்க்காமலே சீட்டைக் கிழித்து நீட்டினார். ஜிகர்தண்டா 40 ரூபாய். அதைப் பற்றி ஏற்கனவே எல்லோரும் எழுதிவிட்டார்கள்.

மார்ச் 6, வெள்ளி, இடைக்காட்டூர் வழியாக

மாட்டுத்தாவணியில் ஏறிய பேருந்து திருப்புவனத்தைத் தாண்டியதும் டயர் பஞ்சராகி நின்றது. காலை பத்தரை மணிக்கே தார்ச்சாலை கொதித்தது. பயணிகள் அனைவரும் ஒற்றைப் புளியமரத்தின் நிழலில் நெருக்கியடித்து நின்றோம். வெள்ளரிப்பிஞ்சுக் கூடையோடு மானாமதுரைச் சந்தைக்குப் போய்க்கொண்டிருந்த பாட்டி, அங்கேயே கடை விரித்துவிட்டார். கூறு 20 ரூபாய். உப்பும் மிளகாய்த்தூளும் இனாம். மாற்று டயர் மாட்டி முடிவதற்குள் கூடையில் பாதி காலி. "இன்னைக்கு இவருதான் எனக்குப் படியளந்தது" என்று ஓட்டுநரைக் காட்டிச் சொன்னபோது, வியர்வையில் நனைந்திருந்த அவரும் சிரித்துவிட்டார்.

இராமேஸ்வரம் சாலையில் விலக்கில் இறங்கி, ஆட்டோ பிடித்து இடைக்காட்டூர் திரு இருதய ஆலயத்துக்குப் போனேன். வயல்களுக்கு நடுவே செங்கல் நிறத்தில் ஊசிக் கோபுரங்களோடு நிற்கும் இந்தக் கோத்திக் பாணி ஆலயத்தை, 1894இல் ஃபெர்டினாண்ட் செல் என்ற பிரெஞ்சு இயேசு சபைக் குரு எழுப்பினார். பிரான்சின் ரேம்ஸ் பேராலயத்தை மனத்தில் வைத்துக் கட்டியதாகச் சொல்கிறார்கள். கட்டுமானத்துக்குப் பெரும்பொருள் கொடுத்தவர் மேரி ஆன் என்ற பிரெஞ்சுப் பெண் என்றும் ஊரில் சொல்லக் கேட்டேன். நான் பார்த்ததில் என்னைக் கவர்ந்தது கோபுரமல்ல, சுடுமண் வேலைப்பாடு. வளைவுக்கு ஒரு வடிவம், தூணின் விளிம்புக்கு ஒரு வடிவம், மூலைக்கு ஒரு வடிவம் என்று செங்கல்லை அச்சில் வார்த்து அடுக்கியிருக்கிறார்கள். கடம் செய்வதற்குப் பேர்போன மானாமதுரை அருகிலேயே இருக்கிறது. இந்தப் பக்கத்து மண்ணையும் கையையும் அறிந்தவர்களுக்கு அது வியப்பாக இருக்காது. கொடுத்தவரின் பெயரும் கட்டிய குருவின் பெயரும் நிலைத்துவிட்டன. அச்சில் மண்ணை அடித்தவர்களின் பெயர் எங்கேயும் இல்லை.

மடத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது மணி இரண்டு. ஆட்டோக்காரர் பேசிய தொகைக்கு மேல் 50 ரூபாய் கேட்டார், வாயிலைத் திறந்த சகோதரி அவருடைய பெயரைச் சொல்லி, "இங்கயுமா?" என்றதும் பேசாமல் வண்டியைத் திருப்பினார். தவக்கால வெள்ளி என்பதால் புலால் இல்லை, ஒருவேளைதான் முழு உணவு. எனக்கென்று எடுத்து வைத்திருந்தது பாசிப்பயறு சேர்த்த அரிசிக் கஞ்சி, தேங்காய்த் துவையல், சுட்ட அப்பளம். பசிக்கு அது போதுமானதாக இருந்தது. சாப்பிட்ட தட்டை நானே கழுவ வேண்டும் என்பதை யாரும் சொல்லவில்லை. எனக்கு முன்னால் தலைமைச் சகோதரி தம் தட்டைக் கழுவிக் கவிழ்த்ததைப் பார்த்து நானும் கழுவினேன்.

மாலையில் வேப்பந்தோப்பில் சிலுவைப்பாதை, இயேசுவின் பாடுகளை நினைத்துச் செய்யும் செபநடை. பதினான்கு நிலைகளுக்குப் பதினான்கு கற்கள் நட்டிருக்கிறார்கள். ஒவ்வொரு கல்லுக்கும் முன்னால் சகோதரிகளும் விடுதிப் பிள்ளைகளும் சரளைக்கல் மேலேயே முழங்காலிட்டு எழுந்தார்கள். பொதுத்தேர்வு மாதமாதலால் சில பிள்ளைகளின் கையில் செபப் புத்தகத்துக்கு அடியில் வேதியியல் புத்தகமும் இருந்தது. பார்த்தும் பாராதது போல நடந்தார் விடுதிக் காப்பாளர் சகோதரி.

மார்ச் 7, சனி, மடத்தில்

அதிகாலை 4:45க்கு மணி. அமைதியைத் தேடி மடத்துக்குப் போகிறேன் என்று கிளம்பும்போது நண்பர்களிடம் சொல்லியிருந்தேன். இங்கே யாருக்கும் அமைதியாக உட்கார நேரமில்லை. 5:15க்குத் திருப்புகழ்மாலையின் காலைச் செபம், அதன்பின் தியானம், 6:15க்குப் பங்குக் குரு வந்து திருப்பலி என்ற பூசை, 7:30க்குக் காலை உணவு. பிறகு ஒருவர் பள்ளிக்கு, ஒருவர் மருந்தகத்துக்கு, ஒருவர் விடுதிக் கணக்குக்கு, ஒருவர் மாட்டுத் தொழுவத்துக்கு. பன்னிரண்டுக்கு மூவேளை செபம், மாலை ஆறுக்கு செபமாலை, இரவு 8:45க்கு இரவுச் செபம். அதற்குப் பிறகு மறுநாள் காலை வரை பேச்சில்லை. ஒரு வேலை பாதியில் நிற்கும்போது மணியடித்தால் அதைப் பாதியில் விட்டுவிட வேண்டும் என்பதுதான் எனக்குக் கடினமாகத் தெரிந்த விதி. வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த சகோதரி, கத்தியை வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்தபடியே சிற்றாலயத்துக்குப் போனார்.

இந்த மடத்துக்கு வருமானம் தரும் வேலைகளில் ஒன்று, திருப்பலிக்கான அப்பம் செய்வது. பிற்பகல் முழுவதும் அந்த அறையிலேயே இருந்தேன். மாவும் தண்ணீரும் மட்டும்தான். உப்பு, சர்க்கரை, எண்ணெய், ஈஸ்ட் எதுவும் சேரக் கூடாது, கோதுமை தவிர வேறு தானியமும் ஆகாது என்பது திருச்சபைச் சட்டம். மாவைத் தோசைமாவைவிட நீர்க்கக் கரைத்து, மின்சாரத்தில் காயும் இரண்டு இரும்புத் தகடுகளுக்கு நடுவில் ஒரு கரண்டி ஊற்றி அழுத்துகிறார்கள். ஓரங்களில் ஆவி சீறி, பிதுங்கிய மாவு நூல்நூலாகப் பொரிகிறது. சீறல் நின்றதும் திறந்தால், சிலுவைக் குறிகள் பதிந்த வெள்ளைத் தாள் ஒன்று வருகிறது. அதை உடனே வெட்டினால் நொறுங்கிவிடும் என்பதால் ஈரத்துணி தொங்கும் அலமாரியில் ஓர் இரவு வைத்து, சற்றுத் துவண்ட பிறகு, காலால் மிதிக்கும் பொறியில் வட்டம் வட்டமாக வெட்டுகிறார்கள். பெரிதாக வெட்டுவது குருவுக்கு, சிறியவை மக்களுக்கு. உடைந்ததும் ஓரம் மழுங்கியதும் சல்லடையில் கழிந்துவிடும். வெட்டியது போக மிஞ்சும் ஓரத் துண்டுகளுக்காக விடுதிப் பிள்ளைகள் சன்னலுக்கு வெளியே வரிசையில் நின்றார்கள். பீடத்தில் வைத்துக் குரு செபித்துப் புனிதமாக்கும் வரை அது வெறும் மாவுப்பண்டம்தான் என்பதால் தின்பதில் தடையில்லை. எனக்கும் ஒரு கை கிடைத்தது. சுவை என்று சொல்ல ஒன்றுமில்லை, ஆனால் நாக்கில் வைத்ததும் கரைகிறது.

மாவு கரைக்கும் சகோதரிக்கு எண்பதுக்கு மேல் வயது. 1960இல், பதினெட்டு வயதில் சபையில் சேர்ந்தவர். அன்றைய விதிகளைக் கேட்டேன். வீட்டிலிருந்து வரும் கடிதத்தை மதர் பிரித்துப் படித்த பிறகே கொடுப்பார்கள். சாப்பாட்டு மேசையில் பேச்சுக்கு இடமில்லை. ஒருவர் புனிதர்களின் வரலாற்றை வாசிப்பார். கஞ்சி போட்டு விறைத்த முக்காடு சித்திரை வெயிலில் கழுத்தை அறுக்கும்.

"எங்கய்யா செத்ததுக்கு என்னய அனுப்பலத்தா. மூணு நா கழிச்சுத்தான் சொன்னாக."

"மதர் மேல கோவம் வரலையா சிஸ்டர்?"

"வராம இருக்குமா? கோவத்தோடயேதான் மாவு கரைச்சேன். மாவுக்கு என்ன தெரியும்?"

உலகக் கத்தோலிக்க ஆயர்கள் கூடிய இரண்டாம் வத்திக்கான் சங்கத்தில், 1965 அக்டோபர் 28 அன்று துறவற வாழ்வைப் புதுப்பிப்பது பற்றிய ஆணை வெளியானது. உடை, உணவு, வெளியுலகத் தொடர்பு ஆகியவற்றைக் காலத்துக்கும் இடத்துக்கும் ஏற்ப மாற்றிக்கொள்ளச் சபைகளுக்கு அது வழி திறந்தது. லத்தீனில் இருந்த திருப்பலி தமிழுக்கு வந்ததும் அந்தக் காலத்தில்தான். இந்த வீட்டுக்குச் சேலை வந்தது அதற்குச் சில ஆண்டுகள் கழித்து என்கிறார், எல்லோரும் பெரிய சிஸ்டர் என்று அழைக்கும் இந்த மாவு கரைக்கும் சகோதரி. அம்மா இறந்தபோது அனுப்பினார்களா என்று கேட்டேன். "அனுப்புனாக. காருல" என்றார், அந்தக் காரை இன்னும் மறக்காதவராக.

இரவு உணவுக்குப் பிறகான உரையாடல் வேளையில், பள்ளிக்காலத்துக் கேள்வியைத் தலைமைச் சகோதரியிடம் கேட்டுவிட்டேன்: உங்களுக்குள் சண்டை வருமா? "சண்டை வராத சபை எதும்மா? நம்ம மதுரை மிஷன்லயே பெரிய சண்டை ஒண்ணு நடந்திருக்கே" என்று அவர் சொன்ன கதை ஊரறிந்த வரலாறுதான். திருச்சியில் தலைமையிடம் கொண்டிருந்த ஆயர் அலெக்சிஸ் கனோஸ், இங்கே உருவாகியிருந்த நாட்டுச் சகோதரிகளுக்குப் பயிற்சி அளிக்க 1860இல் பிரான்சிலிருந்து ரெப்பராத்ரிஸ் சபைச் சகோதரிகளை வரவழைத்தார். அந்தச் சபையில் 1865இல் இந்தியாவுக்கு வந்த எலேன் தெ சப்போத்தேன், இரண்டே ஆண்டுகளில் இந்தப் பகுதி மடங்களுக்கெல்லாம் தலைவியானார். கருத்து வேறுபாடுகள் முற்றி, 1876இல் அவரோடு சேர்ந்து இருபது சகோதரிகள் பிரிந்து உதகமண்டலத்தில் கூடினார்கள். 1877 சனவரி 6 அன்று ரோமையின் ஒப்புதல் கிடைத்தது. அதுவே பிற்பாடு மரியாவின் பிரான்சிஸ்கன் மறைப்பணியாளர் சபை. பாடுகளின் மரியா என்ற துறவறப் பெயர் கொண்ட அந்த அம்மையார் 1904இல் இறந்தபோது சபையில் இரண்டாயிரத்துக்கு மேற்பட்டவர்கள் இருந்தார்கள். 2002இல் அவருக்கு, புனிதர் பட்டத்துக்கு முந்தைய படியான அருளாளர் பட்டமும் கிடைத்தது.

இந்தக் கதையில் என் மனம் நின்றது வேறோர் இடத்தில். பயிற்சி அளிக்க ஆள் வந்தார்கள் என்றால், பயிற்சி பெற ஏற்கனவே பெண்கள் திரண்டிருந்தார்கள் என்றுதானே பொருள்? 1844இல் புதுச்சேரியில் துப்புயி அடிகள் பெண்கல்விக்கென்று தொடங்கிய மரியாவின் மாசற்ற இருதய சபையில் சேர்ந்தவர்கள் தமிழ்ப் பெண்கள். 1858இல் திருச்சியில் புனித அன்னாள் சபையைத் தொடங்கிய அன்னம்மாள் இளம் விதவை. கிறிஸ்தவம் தழுவிய பிறகும் கைம்பெண் மறுமணத்தை ஏற்காத குடும்பங்கள் அப்போது ஏராளம். மூலையில் உட்கார வைக்கப்பட்ட பெண்களுக்கு மடம் ஒரு கதவைத் திறந்தது. அதில் பக்தி எவ்வளவு, வேறு போக்கிடமின்மை எவ்வளவு என்று பிரித்துப் பார்க்க எனக்கு விருப்பமில்லை. வரவேற்பறைச் சுவரில் அந்தப் பெண்களுக்கும் ஒரு சட்டம் மாட்டலாமே என்று மட்டும் சொன்னேன். "படம் இருந்தாத்தானே மாட்டுறதுக்கு" என்றார் தலைமைச் சகோதரி.

நள்ளிரவில் மின்சாரம் போய், கொசுவோடு இரண்டு மணி நேரம் போராடினேன். பேச்சில்லா நேரமாதலால் புலம்பவும் ஆளில்லை.

மார்ச் 8, ஞாயிறு

தவக்காலத்தின் மூன்றாம் ஞாயிறு. கிணற்றடியில் தண்ணீர் மொள்ள வந்த சமாரியப் பெண்ணிடம் இயேசு தண்ணீர் கேட்கும் பகுதியை வாசித்தார்கள். "யூதரான நீர் சமாரியப் பெண்ணாகிய என்னிடம் எப்படித் தண்ணீர் கேட்கலாம்?" என்று அவள் திருப்பிக் கேட்பது சிவகங்கைச் சீமையில் எவருக்கும் விளக்கம் தேவைப்படாத வரி. தனிக்கிணறு, தனிக்குவளை எல்லாம் கண்ட ஊர்கள் இவை. கோயிலுக்குள்ளேயே சாதிக்கொரு பக்கம் ஒதுக்கிய காலமும் இங்கே உண்டு. வடக்கன்குளத்தில் அதற்கென்று சுவரே எழுப்பினார்கள். மறையுரையில் குரு அதைத் தொடாமல் ஆன்மதாகம் பற்றியே பேசி முடித்தார். வெளியே வந்ததும் பெரிய சிஸ்டர், "கெணத்தப் பத்தி ஒரு வார்த்த பேசியிருக்கலாம்" என்று தம்பாட்டுக்குச் சொல்லிக்கொண்டு போனார்.

ஞாயிற்றுக்கிழமை கோழிக்குழம்பு உண்டு. மிளகும் சின்ன வெங்காயமும் அரைத்து ஊற்றிய மதுரைப் பக்கத்துக் குழம்பை, சார்க்கண்டிலிருந்து வந்திருக்கும் கேண்டிடேட் பெண்கள், அதாவது துறவறத்துக்கு முன்பயிற்சி பெறும் பெண்கள், இருவர்தான் சமைத்தார்கள் என்பது தெரிந்தபோது, மறுசோறு வாங்கினேன். அவர்களுடைய தமிழ் எட்டு மாதத் தமிழ். "மதர், உப்பு கம்மி" என்பதைப் பிசகில்லாமல் சொல்கிறார்கள். இவர்கள் அடுத்து நவதுறவகம் என்ற துறவறப் பயிற்சி இல்லத்துக்குப் போக வேண்டும். அங்கே குறைந்தது 12 மாதங்கள். அதன்பின் கற்பு, ஏழ்மை, கீழ்ப்படிதல் ஆகியவற்றுக்கான முதல் வார்த்தைப்பாடு, அதாவது துறவற உறுதிமொழி. அதை மூன்று முதல் ஆறு ஆண்டுகள் புதுப்பித்துப் பார்த்த பிறகே நித்திய வார்த்தைப்பாடு. இடையில் எந்தக் கட்டத்திலும் வீட்டுக்குத் திரும்பலாம். திரும்பியவர்களைப் பற்றியும் இங்கே இயல்பாகவே பேசுகிறார்கள். ஒருவர் திருமணம் ஆகி, தம் மகளை இதே விடுதியில் சேர்த்திருக்கிறாராம்.

தமிழ்நாட்டிலிருந்து பெண்கள் வருவது குறைந்துவிட்டது என்பதைத் தலைமைச் சகோதரி வருத்தமாகச் சொல்லவில்லை. "முன்னாடி ஒரு வீட்டுல ஏழு பிள்ளைங்க. இப்ப ஒண்ணு, ரெண்டு. படிக்கணும்னாலும் வேலைக்குப் போகணும்னாலும் மடத்துக்கு வர வேண்டிய அவசியமில்லை. பிள்ளைங்க படிக்கணும்னுதானே நாங்க பள்ளிக்கூடம் வச்சோம்" என்றார். கணக்குப் புத்தகத்தையும் காட்டினார். ஆசிரியையாக இருக்கும் சகோதரியின் சம்பளம், ஓய்வூதியம், அப்பம் விற்ற பணம், தேங்காய் விற்ற பணம் எல்லாம் ஒரே வரவில் சேர்ந்து, செலவு ஆளுக்கு ஆள் பிரியாமல் ஒரே பத்தியில் போகிறது. பெரிய சிஸ்டருக்குச் செருப்பு 280 ரூபாய் என்பதும் அதில் இருந்தது.

மார்ச் 9, திங்கள், மதுரைக்குத் திரும்பி

அறை வாடகை என்று எதுவும் கேட்கவில்லை. விரும்பியதை உறையிலிட்டு மேசையில் வைக்கலாம் என்றார்கள், வைத்தேன். பதிலுக்கு எனக்கொரு வேலை கொடுத்தார்கள். மதுரையில் ஒரு பங்குக் கோயிலுக்குப் போய்ச் சேர வேண்டிய அப்பப் பொட்டலங்களை நான் கொண்டுபோக வேண்டும். ஒவ்வொன்றிலும் 500, மொத்தம் பத்துப் பொட்டலம் கொண்ட அட்டைப்பெட்டி. எடை ஒன்றுமில்லை, ஆனால் அதன் மேல் யாரும் சாயக் கூடாது, வெயில் படக் கூடாது, ஈரம் ஆகவே ஆகாது. திங்கட்கிழமைக் காலைப் பேருந்தில் இந்த நிபந்தனைகளோடு நின்றுகொண்டு வந்தவளைப் பார்த்து, கல்லூரிப் பையன் ஒருவன் "கேக்கா ஆன்ட்டி?" என்று எழுந்து இடம் கொடுத்தான்.

பங்குக் கோயிலில் குரு இல்லை. கோயில் வேலைகளைக் கவனிக்கும் கோயில்பிள்ளைதான் பெட்டியை வாங்கி, ஒவ்வொரு பொட்டலத்தையும் காதருகே வைத்து மெல்லக் குலுக்கிப் பார்த்தார். உடைந்திருந்தால் ஒலியிலேயே தெரிந்துவிடுமாம். பத்தையும் குலுக்கி முடித்து, "போன தடவ கூரியர்ல வந்ததுல பாதி தூளு. இனிமே உங்களையே அனுப்பச் சொல்லுங்கம்மா" என்று சொல்லிவிட்டு, ரசீதில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்.